காசிச் சொம்பில் வேகவதி

கோயில் வாசலுக்கு இரண்டு பக்கமும் கங்கையும் யமுனையும் நிற்க வேண்டும் என்று முடிவு செய்தவன் என் புருஷன். புருஷன் என்று எழுதுகிறேனே தவிர, அப்போது அவன் என்னை விட்டுப் போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. கோர்ட்டு, பஞ்சாயத்து, விடுதலைப் பத்திரம் ஒன்றும் கிடையாது. ஒரு ஞாயிற்றுக்கிழமை துணிமணியை இரண்டு பையில் அடைத்துக்கொண்டு, ஊருக்கு வெளியே ஒரகடம் ரோட்டில் கட்டியிருந்த மாடி வீட்டுக்குப் போய்விட்டான். அங்கே ஏற்கெனவே அவள் குடியிருந்தாள்.

அவன் கம்பெனிகளுக்கு ஆள் அனுப்புகிற காண்ட்ராக்டர். தெற்கத்திப் பெண்களை ஹாஸ்டலில் தங்கவைத்து, வேனில் ஏற்றி, ஷிப்ட்டுக்கு ஷிப்ட் கொண்டுபோய் இறக்குவான். அப்படி இறக்கியவர்களில் ஒருத்தியைத் தனக்கென்று வைத்துக்கொண்டான். பதினொரு வருஷமாகியும் எனக்குப் பிள்ளை இல்லை என்று ஊரில் காரணம் சொன்னான். ஊரும் பாவம் என்று தலையாட்டியது. பாவம் யாருக்கு என்றுதான் கடைசிவரை எனக்குப் புரியவில்லை. அவளுக்கு ஒரு ஆண் குழந்தை பிறந்ததும் ஊர் என்னைப் பார்க்கிற பார்வையே மாறிப்போயிற்று.

எங்கள் ஊர் வடக்குப்பட்டைத் தாண்டி உள்ளே தள்ளி இருக்கிறது. ஊர்த்தெய்வம் கங்கையம்மன். அவளுக்கு உடம்பு கிடையாது, வெறும் சிரசு மட்டும்தான். முழியை உருட்டிக்கொண்டு, மூக்குத்தியோடு, தரையிலிருந்து கழுத்துவரை எழும்பி நிற்பாள். என் மாமியாருக்கு அவன் ஒரே பிள்ளை, அவன் அப்பாவுக்குப் பிறகு அவன்தான் தர்மகர்த்தா. நன்கொடை குவிந்தவுடன் அவனுக்குச் சிரசு மட்டும் போதவில்லை. கங்கை என்று பேர் இருக்கிறபோது கங்கை மாதிரியே இருக்க வேண்டாமா என்று கேட்டு, சுதை வேலை செய்கிற ஸ்தபதி ஒருவரை அழைத்து வந்தான்.

எனக்கு ஒரு கம்பெனியில் சால்டரிங் வேலை. லைனில் தவறிப்போன போர்டுகளை எடுத்து, ஈயத்தை உருக்கி, திரும்ப ஒட்டி, ஒட்டியதே தெரியாமல் அனுப்ப வேண்டும். முதல் ஷிப்ட் முடிந்து பஸ்ஸிலிருந்து இறங்கினால் கோயில் வழியாகத்தான் வீட்டுக்குப் போக வேண்டும். போகிற வழியில் நின்று ஸ்தபதியின் வேலையைப் பார்ப்பேன். கங்கையின் காலுக்குக் கீழே மகரம் செய்திருந்தார், முதலையின் வாய், யானையின் தும்பிக்கை, மீனின் வால். யமுனைக்கு ஆமை. இரண்டு பேரும் இடுப்பை ஒடித்து, கையில் குடத்தோடு, வருகிறவர்களைப் பார்த்துச் சிரித்தார்கள். நம்ம அம்மனுக்கு எதுக்கு முதலை என்று பெண்கள் முணுமுணுத்தார்கள். எனக்கு வேறு கடுப்பு. சிவன் சடையில் ஒளித்து வைத்திருந்தானே, அந்தக் கங்கையே ஒரு சின்ன வீடுதான். இவன் அவளுக்குச் சிலை வைக்காமல் வேறு யாருக்கு வைப்பான்?

ஸ்தபதியிடம் ஒரு நாள் கேட்டேன், வேகவதிக்கு வாகனம் என்னவென்று. அவர் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு யோசித்தார். வேகவதிக்கு உருவம் செய்யச் சொல்லி இதுவரை யாரும் தன்னைக் கேட்டதில்லை, அளவும் தனக்குத் தெரியாது என்றார்.

நான் பிறந்தது காஞ்சிபுரத்தில், வேகவதிக் கரையோரம். எங்கள் தெருப் பிள்ளைகளுக்கெல்லாம் அந்தக் கதை தெரியும். பிரம்மா பெரிய யாகம் ஒன்று செய்தார். பொண்டாட்டி சரஸ்வதி பக்கத்தில் உட்கார வேண்டும். அவளோடு மனஸ்தாபம் என்பதால் அவளை விட்டுவிட்டு, சாவித்திரியைப் பக்கத்தில் உட்காரவைத்து யாகத்தைத் தொடங்கிவிட்டார். சரஸ்வதிக்கு வந்த கோபத்தில் அவள் ஆறாக மாறினாள். வேகமாக வந்ததால் வேகவதி. யாகசாலையை அடித்துக்கொண்டு போக வந்தவளை, பெருமாள் ஆற்றுக்குக் குறுக்கே படுத்துத் தடுத்துவிட்டார். தடுத்தவருக்கு அங்கே கோயில் இருக்கிறது, பூஜை நடக்கிறது. வந்தவள் என்ன ஆனாள்? வெட்கப்பட்டு ஒதுங்கிப் போனாளாம். நான் கேட்ட கதையில் அவளிடம் யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை. ஒன்பது வயதில் கேட்டபோது அது எனக்கு வெறும் கதை. நாற்பது வயதில் என் சொந்த வீட்டுச் செய்தி.

ஏனென்றால் எங்கள் ஊரில் கும்பாபிஷேகத்துக்கு ஒரு வழக்கம் உண்டு. யாகசாலையில் தர்மகர்த்தா மனைவியோடு உட்கார வேண்டும். குருக்கள் சங்கல்பம் செய்யும்போது அவன் பேரைச் சொல்லி, அடுத்து தர்மபத்தினி என்று மனைவியின் பேரையும் மைக்கில் சொல்வார். பிறகு கங்கைத் தண்ணீர் கலந்த முதல் குடத்தை அவள்தான் தலையில் வைத்து மூன்று சுற்று வருவாள். போன தடவை என் மாமியார் சுமந்தாள். அடுத்தது நீதான் என்று என்னிடம் பலமுறை சொல்லியிருக்கிறாள். எனக்கு அவன் வேண்டாம். இதை அடித்துச் சொல்கிறேன். ஊரே கேட்க மைக்கில் என் பேரைச் சொல்ல வேண்டும், முதல் குடம் என் தலையில் ஏற வேண்டும், அதுதான் எனக்கு வேண்டியிருந்தது. பத்திரிகை அடித்து வந்தபோது அதில் அவள் பேர் இருந்தது.

பத்திரிகையைக் கொண்டு வந்தவன் அவனுடைய சித்தப்பா மகன். வாசலிலேயே நின்றான். கையில் கொடுத்துவிட்டு, தரையைப் பார்த்துக்கொண்டே வந்த விஷயத்தைச் சொன்னான்.

"அண்ணி, பெரிம்மாவோட காசிச் சொம்பு இங்கதானே கீது? அண்ணன் அத வாங்கினு வரச் சொல்லுச்சு. முதல் குடத்துல ஊத்தணுமாம்."

காசிச் சொம்பு என்பது கைப்பிடி அளவு செம்பு. கங்கைத் தண்ணீரை அடைத்து, மூடிக்கு மேல் ஈயம் வைத்து ஒட்டியிருப்பார்கள். சாகிற நேரத்தில் வாயில் ஒரு சொட்டு விடுவதற்காக வீடுகளில் வைத்திருப்பது வழக்கம். என் மாமியார் மகனோடு போகாமல் என்னோடுதான் இருந்தாள். ஆஸ்பத்திரியில் திடீரென்று உயிர் போனதால் அவள் சொம்பு திறக்கப்படாமலே சாமி மாடத்தில் இருந்தது. மாமியாரைப் பார்த்துக்கொள்ள நான், அவள் சொம்பைத் தூக்கிச் சுற்றிவர இன்னொருத்தி. சொம்பைத் தேய்த்துப் பளபளப்பாக்கி வைக்கிறேன், அடுத்த வாரம் வந்து வாங்கிக்கொள் என்று சிரித்த முகத்தோடு சொல்லி அனுப்பினேன்.

வார விடுமுறையில் பஸ் ஏறிக் காஞ்சிபுரம் போனேன். சொந்தக்காரர் வீடு எதற்கும் போகவில்லை. நேராக வேகவதிக் கரைக்குப் போனேன். ஊர்ச் சாக்கடையெல்லாம் அதில்தான் கலக்கிறது. வெங்காயத்தாமரைக்கு நடுவே கறுப்பாக ஒரு ஓடை, அதன் ஓரத்தில் பன்றிகள். யாகத்தை அழிக்க வந்தவளை இப்படி ஆக்கிவைத்திருக்கிறார்கள். முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு குனிந்து ஒரு பாட்டில் நிரப்பினேன். நீ வந்த வேலை பாக்கி இருக்கிறது, வா என்று அவளிடம் மனசுக்குள் சொன்னேன். பஸ்ஸில் பாட்டிலை மடியில் வைத்துக்கொண்டு வந்தேன்.

வீட்டுக்கு வந்து மூடியின் ஈயத்தை உருக்கி எடுத்தேன். உள்ளே இருந்த கங்கையைத் துவைக்கிற கல்லில் ஊற்றினேன். மாமியாருக்காக ஒரு சொட்டு மட்டும் அவள் போட்டோவின் மேல் தெளித்தேன். வேகவதியைச் சொம்பில் நிரப்பி, மூடியை வைத்து, சுற்றிலும் ஈயத்தை ஓடவிட்டேன். பதினாறு வருஷம் செய்த வேலை. சூப்பர்வைசர் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தாலும் கண்டுபிடிக்க முடியாது. சின்ன வயசில் என்னோடு வேலைக்குச் சேர்ந்தவர்கள் எல்லாம் கை நடுங்குகிறது என்கிறார்கள். அன்றைக்கு என் கை கொஞ்சம்கூட நடுங்கவில்லை.

அதைக் குடிப்பார்கள் என்று உனக்குத் தெரியாதா என்று கேட்கலாம். தெரியும். அபிஷேகம் போக மிச்சம் தீர்த்தமாகத்தான் வரும், முதலில் தர்மகர்த்தா குடும்பத்துக்குத்தான் கொடுப்பார்கள். குடிக்கட்டும் என்றுதான் செய்தேன்.

கும்பாபிஷேகம் வைகாசியில். நான் மோர்ப் பந்தலுக்குப் பக்கத்தில், சவுக்குக் கட்டைத் தடுப்புக்கு இந்தப் பக்கம் நின்றேன். என்னைப் பார்த்தவர்கள் கொஞ்சம் விலகி நின்றார்கள். மைக்கில் அவன் பேர் வந்தது. அடுத்து தர்மபத்தினி என்று குருக்கள் இழுத்தபோது, மடத்தனமாக ஒரு நிமிஷம் என் நெஞ்சு அடித்துக்கொண்டது. அவள் பேரைத்தான் சொன்னார். ஒரு தடவை அல்ல, மூன்று தடவை.

பிறகு சொம்பை எடுத்தார்கள். பூசாரி மூடியைத் திருகினார், வரவில்லை. கத்தியை வைத்து நெம்பினார், அதற்கும் வரவில்லை. கடைசியில் தேங்காய் உடைக்கிற அரிவாளால் தட்டித் திறந்தார். அந்தக் காலத்து வேலை, எவ்வளவு உறுதி பாருங்கள் என்று யாரோ மெச்சினார்கள். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. சொம்புத் தண்ணீரைக் குடத்தில் ஊற்றி, பச்சைக் கற்பூரமும் ஏலக்காயும் வெட்டிவேரும் போட்டார்கள். அதற்குப் பிறகு நாற்றமாவது ஒன்றாவது. அவள் பட்டுப்புடவையில், தலையில் குடத்தோடு மூன்று சுற்று வந்தாள். சின்னப் பெண். புடவைக் கொசுவத்தை மிதித்துவிடக் கூடாதே என்று கீழேயே பார்த்துக்கொண்டு நடந்தாள். ஏழு மாதக் குழந்தையை அவன் தோளில் வைத்திருந்தான்.

குருக்கள் மேலே ஏறிக் கலசத்துக்கு ஊற்றினார். ஊரே கையைத் தூக்கி ஓம்சக்தி, பராசக்தி என்றது. என் வேகவதி கோபுரத்திலிருந்து வழிந்து, கங்கையின் தலையிலும், மகரத்தின் தலையிலும் சொட்டியது. அந்தச் சந்தோஷத்தை நான் மறைக்கப்போவதில்லை. வாழ்க்கையில் அப்படி ஒரு குளிர்ச்சி எனக்கு அதற்கு முன் வந்ததில்லை.

தீர்த்தம் கொடுக்க ஆரம்பித்தார்கள். முதலில் அவன்தான் கை நீட்டினான். மூன்று உத்தரணி வாங்கி உறிஞ்சிக் குடித்துவிட்டு, ஈரக் கையைத் தலையில் தடவிக்கொண்டான். நான் ஒவ்வொன்றையும் எண்ணினேன். குழந்தையை அவள் இடுப்புக்கு மாற்றிக்கொண்டு அடுத்ததாகக் கையை நீட்டினாள். வாங்கியதைத் தன் வாயில் விடவில்லை. குவித்த கையைக் குழந்தையின் வாய்க்குக் கொண்டுபோனாள். அது பால் என்று நினைத்து வாயைத் திறந்தது.

நான் எப்படிச் சவுக்குக் கட்டையைத் தாண்டினேன் என்று எனக்குத் தெரியாது. அவள் கையைத் தட்டிவிட்டேன். அதே வேகத்தில் பூசாரியின் கையிலிருந்த குடமும் விழுந்து உருண்டது. கொண்டை அவிழ்ந்து தலைமுடி முகத்தில் விழ, கொடுக்காதே கொடுக்காதே என்று நான் கத்திய சத்தம் எனக்கே வேறு யாரோ கத்துவது போல இருந்தது. அவள் பயந்துபோய்க் குழந்தையை இறுக்கிக்கொண்டாள்.

"என்னக்கா, பிள்ளைக்குத்தானே ஊட்டப் போனேன்?" என்றாள்.

இந்த இடத்தில் வேறு ஊராக இருந்தால் என்னை நாலு சாத்து சாத்தியிருப்பார்கள். அதற்குத் தயாராகத்தான் நின்றேன். ஆனால் பக்கத்தில் பம்பைக்காரர்கள் இருந்தார்கள். தலைவிரி கோலமாக ஒரு பொம்பளை சாமிக்கு முன்னால் கத்தினால் அவர்களுக்குத் தெரிந்தது ஒன்றுதான். பம்பையை அடித்துப் பின்னி எடுத்தார்கள். இரண்டு பெண்கள் ஓடிவந்து என் இடுப்பில் மஞ்சள் துணியைக் கட்டினார்கள். ஒருத்தி கையில் வேப்பிலையைத் திணித்தாள். ஒருத்தி மஞ்சள் தண்ணீரை என் தலையில் கவிழ்த்தாள். பெரிய பம்பைக்காரர் எனக்கு முன்னால் வந்து குனிந்தார்.

"யாரு தாயி வந்துகீறே? இன்னா கொறைன்னு கோவிச்சுகினே? சொல்லு, செஞ்சுட்றோம்."

எனக்கு எந்தச் சாமியும் வரவில்லை. என் புத்தி அவ்வளவு தெளிவாக அதற்கு முன்னும் இருந்ததில்லை, பின்னும் இருந்ததில்லை. நான் செய்ததைச் சொன்னால் உயிரோடு வீட்டுக்குப் போக முடியாது. சொல்லாவிட்டால் இந்த ஊர் முழுக்க என் காலடியில் இருக்கிறது. சுற்றிப் பார்த்தேன். அவன் கைகூப்பி நின்றுகொண்டிருந்தான். முகம் வெளுத்திருந்தது.

"இந்தத் தண்ணி எனக்கு ஆவாது. எல்லாத்தையும் கொட்டு. ஏரித் தண்ணி எடுத்துகினு வா," என்றேன்.

"யாரு எடுத்தாரணும் தாயி?"

வேப்பிலையால் அவனைக் காட்டினேன். "அவன்தான். பொம்பளைங்க தூக்குற மாதிரி தலையில தூக்கினு வரணும். வெறுங்காலோட."

ஏரிக்குப் போக கம்பெனி மதில் ஓரமாகத் தார் ரோட்டில் முக்கால் கிலோமீட்டர் நடக்க வேண்டும். வைகாசி வெயில், மணி பதினொன்று. எதற்கெடுத்தாலும் புல்லட்டில் போகிறவன், சட்டையைக் கழற்றிவிட்டு, மஞ்சள் துண்டைச் சும்மாடாகச் சுற்றிக்கொண்டு, தலையில் குடத்தோடு கால் சுடச் சுடக் குதித்துக் குதித்து வந்தான். கன்டெய்னர் லாரிகள் வரிசையாக நின்றன. அவன் வேனில் வேலைக்குப் போகிற பெண்கள் எல்லாம் பார்த்தார்கள். குடத்தை இறக்கிவைத்து என் காலில் விழுந்தான்.

"மூத்தவள அழ வெச்சியே, அவகிட்ட மன்னிப்பு கேட்டியாடா?"

"தப்பு பண்ணிட்டேன் தாயே. மன்னிச்சுடு தாயே," என்று குலுங்கிக் குலுங்கி அழுதான்.

விபூதியை அள்ளி அவன் நெற்றியில் அறைகிற மாதிரி அப்பினேன். இரண்டு வருஷத்து எரிச்சல் உள்ளங்கை வழியாக இறங்கியது. அதற்குப் பிறகு இரண்டு நாள் அவன் வயிறு போய்ப் படுத்த படுக்கையாகக் கிடந்தான் என்று கேள்விப்பட்டேன். அம்மன் தண்டித்துவிட்டாள் என்று ஊர் பேசிக்கொண்டது. நான் கறிக்குழம்பு வைத்துச் சாப்பிட்டேன்.

ஐந்தாம் நாள் காலையில் என் வாசலில் வண்டி நிற்கிற சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தேன், அவன்தான். கூடவே அவளும் குழந்தையும். என்னிடம் எல்லோருக்கும் முன்னால் மன்னிப்புக் கேட்டவன் ஆயிற்றே, அடுத்து என்ன பேச வந்திருக்கிறான் என்று தலைமுடியை ஒதுக்கிக்கொண்டு வெளியே வந்தேன். அடித்துச் சொன்னேனே அவன் வேண்டாம் என்று, அது பொய். அந்த நிமிஷம் கதவைத் திறந்த என் கைக்கு அது தெரிந்திருந்தது.

அவன் செருப்பைத் தெருவிலேயே கழற்றியிருந்தான். அவள் தட்டில் சிவப்புப் புடவையும் எலுமிச்சம்பழமும் வைத்துக்கொண்டு, அக்கா என்று ஆரம்பித்தாள். அக்கான்னு கூப்புடாதே, தாயின்னு சொல்லு என்று அவன் அவளை அதட்டினான். உள்ளே வரச் சொன்னேன். வாசற்படியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு அங்கேயே நின்றான்.

"மண்டல பூஜைய நாளைக்குத்தான் ஆரம்பிக்கிறோம், நாப்பத்தெட்டு நாளும் சங்கல்பம் பண்ணணும் தாயே. பொண்டாட்டின்னு ஆரு பேரைச் சொல்றது? நீதான் உத்தரவு குடுக்கணும்."

"மூத்தவ பேரைச் சொல்லு," என்றேன். அதற்குச் சாமிக் குரல் எதுவும் தேவைப்படவில்லை.

"அது எப்டி தாயே? அவ மேலதான் நீ வந்துட்டியே. சாமியப் போயி என் பொண்டாட்டின்னு மைக்குல சொன்னா என் நாக்கு அழுவிடாதா?"

"ஏங்க, நான்தாங்க," என்றேன்.

அவன் நிமிரவே இல்லை. இன்னும் கொஞ்சம் குனிந்தான். அவள் மட்டும் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். எனக்கு வந்த ஆத்திரத்தில், அப்படியானால் நாற்பத்தெட்டு நாளும் நீயே வெறுங்காலோடு ஏரித் தண்ணீர் சுமந்து ஊற்று என்றேன். உத்தரவு தாயே என்று, சன்னதியிலிருந்து போகிறவனைப் போல முதுகைக் காட்டாமல் பின்னாலேயே நடந்து போனான்.

ஒரு நாள்கூடத் தவறவில்லை. காலை ஆறு மணிக்கு நான் கம்பெனி பஸ்ஸுக்குக் கிளம்பும்போது, குடத்தோடு என் வாசலைத் தாண்டுவான். கொஞ்ச நேரத்தில் கோயில் மைக்கில் அவன் பேரும் அவள் பேரும் வரும். பால்காரரிலிருந்து பக்கத்து வீட்டுப் பிள்ளைகள்வரை ஊரில் எல்லோரும் என்னைத் தாயி என்றுதான் கூப்பிட்டார்கள். குழம்பில் உப்புக் கூடினால் தெருவுக்கே கேட்கிற மாதிரி என் பேரைச் சொல்லித் திட்டியவன் அவன். ஒரு நாளாவது குடத்தைப் போட்டு உடைத்துவிட்டு, பேரைச் சொல்லித் திட்டமாட்டானா என்று பார்த்துக்கொண்டு நிற்பேன். நாற்பத்தெட்டு நாளும் குடத்தை இறக்கிவைத்து, கைகூப்பி, தாயே என்று மட்டும்தான் சொன்னான்.